மனமும் புலனும்: எதிலிருந்து வாசிக்கத் தொடங்குவது, மண்டபத்தில் எதைச் செய்து பார்ப்பது?

சிப்புட் வாசகி கேட்டது:

வணக்கம். சுங்கை சிப்புட்டில் ஞாயிறு மாலைகளில் கோவில் மண்டபத்தில் ஒரு வாசகர் குழுவாகக் கூடுகிறோம். பாதிப் பேர் இடைநிலைப் பள்ளியில் படிவம் நான்கு முதல் ஆறு வரை படிக்கும் பிள்ளைகள். மீதி தமிழ்ப்பள்ளி ஆசிரியர்கள், செம்பனை ஆலையில் வேலை செய்யும் தம்பிகள், தோட்டத்தில் கிராணியாக (எழுத்தராக) இருந்து ஓய்வு பெற்ற இரண்டு ஐயாக்கள். இதுவரை கதையும் கட்டுரையும்தான் வாசித்தோம். அடுத்த மூன்று மாதத்துக்கு அறிதல் அறிவியல் பக்கம் போகலாம் என்று முடிவு செய்திருக்கிறோம். கண் எப்படிப் பார்க்கிறது, கவனம் என்றால் என்ன, நினைவு எங்கே தங்குகிறது, மனம் என்று எதைச் சொல்கிறோம், இவைதான் கேள்விகள்.

எங்களிடம் இருப்பது ஒரு மடிக்கணினி, ஒரு புரொஜெக்டர், பக்கத்தில் போட்டோஸ்டேட் கடை. ஆய்வுக்கூடம் கிடையாது. பேசுவது தமிழில், ஆனால் பிள்ளைகள் மலாயில்தான் வேகமாகப் படிப்பார்கள். ஆங்கில நூலைப் பெரியவர்கள் படித்து விளக்கலாம்.

என்ன வரிசையில் வாசிப்பது? கூட்டத்தில் செய்துகாட்டத் தக்க சோதனைகள் எவை, அவை எங்கே சொதப்பும்? இன்னொன்றும் உண்டு. 'நடுமூளையைத் தூண்டி' கண்ணைக் கட்டிக்கொண்டு படிக்க வைக்கும் வகுப்பு என்று சொல்கிறார்கள். பிள்ளையைச் சேர்க்கலாமா என்று பெற்றோர் கேட்கும்போது எப்படிப் பதில் சொல்வது?


நிழல்மானி எழுதியது:

டீச்சர், மூளையின் படத்திலிருந்து தொடங்காதீர்கள். பாகங்களின் பெயர்களை மனப்பாடம் செய்வதிலேயே முதல் மாதம் போய்விடும். புலனுணர்விலிருந்து தொடங்குங்கள், அதிலும் பார்வையிலிருந்து. அவரவர் கண்ணே கருவி என்பதால் செலவு இல்லை. இந்தத் துறையின் மிகப் பழைய, மிக உறுதியான முடிவுகளும் அங்கேதான் இருக்கின்றன.

முதல் கூட்டத்துக்குக் குருட்டுப்புள்ளி போதும். ஏ4 தாளின் இடப்பக்கம் ஒரு சிறு கூட்டல் குறி, அதிலிருந்து வலப்பக்கம் சரியாக 8 செ.மீ. தள்ளி 1 செ.மீ. விட்டமுள்ள கறுப்புப் புள்ளி. இடக்கண்ணை மூடிக்கொண்டு, வலக்கண்ணால் கூட்டல் குறியையே பார்த்தபடி தாளைக் கை நீளத்திலிருந்து மெல்ல முகத்தருகே கொண்டுவர வேண்டும். ஏறக்குறைய 30 செ.மீ. தூரத்தில் புள்ளி மறையும், இன்னும் நெருங்கினால் திரும்ப வரும். பார்வை நரம்பு விழித்திரையை விட்டு வெளியேறும் இடம் பார்வை மையத்திலிருந்து சுமார் 15 பாகை தள்ளி இருக்கிறது. அங்கே ஒளியை வாங்கும் செல்கள் இல்லை. வேறு தூரத்தில் செய்ய வேண்டுமானால் தூரத்தை 0.27-ஆல் பெருக்கினால் குறிக்கும் புள்ளிக்கும் நடுவே விட வேண்டிய இடைவெளி கிடைக்கும். ஒரு மீட்டருக்கு 27 செ.மீ.

'எனக்கு மறையவில்லை' என்று நாலு பேராவது சொல்வார்கள். பெரும்பாலும் கண் குறியை விட்டுப் புள்ளிக்குத் தாவியிருக்கும். அல்லது தாளைச் சாய்த்துப் பிடித்திருப்பார்கள். சிலர் இடக்கண்ணைத் திறந்துவைத்து வலக்கண்ணை மூடியிருப்பார்கள். அப்போது புள்ளி தெரிந்துகொண்டே இருக்கும். குருட்டுப் பகுதியின் அகலம் ஐந்தரைப் பாகை அளவு, அதாவது 30 செ.மீ. தூரத்தில் மூன்று செ.மீ.க்குச் சற்றுக் குறைவு. புள்ளியை அதைவிடப் பெரிதாக வரைந்தால் ஓரம் எட்டிப் பார்க்கும்.

அடுத்த தாளில்தான் பாடம் இருக்கிறது. அதே புள்ளியை மஞ்சள் தாளில் வரையுங்கள், இன்னொன்றில் புள்ளியின் வழியாக ஒரு கோடு போகும்படி வரையுங்கள். புள்ளி மறையும்போது அங்கே கருந்துளை தெரியாது. மஞ்சள் தாளில் மஞ்சள் தெரியும், கோடு அறுபடாமல் நீளும். கண் அனுப்பாத ஒன்றைப் பார்க்கிறோம் என்பதை ஒவ்வொருவரும் தம் கண்ணாலேயே அறிவார்கள். 'அப்படியானால் மற்ற நேரத்தில் பார்ப்பதில் எவ்வளவு கண் தருவது, எவ்வளவு மூளை சேர்ப்பது?' என்று யாராவது கேட்டால், அந்தக் கேள்வியை வைத்தே மூன்று மாதம் ஓட்டலாம். (சோத்தோங் எனும் கணவாய்க்கும் ஆக்டோபசுக்கும் குருட்டுப்புள்ளி கிடையாது. அவற்றின் நரம்பு இழைகள் விழித்திரைக்குப் பின்புறமாகவே வெளியேறுகின்றன. பிள்ளைகளுக்கு இது பிடிக்கும்.)

இந்தக் கருத்தைத் தெளிவாக முன்வைத்தவர் ஜெர்மானிய உடலியலாளர் ஹெல்ம்ஹோல்ட்ஸ். விழித்திரையில் விழும் படம் ஒன்றே ஆனாலும் அதைத் தரக்கூடிய வெளியுலகக் காட்சிகள் பல. அவற்றுள் நிகழக் கூடுதல் வாய்ப்புள்ளதை நம்மை அறியாமலே ஊகித்துக்கொள்கிறோம் என்றார். அந்த ஊகத்தைக் கையும் களவுமாகப் பிடிக்க இரண்டு காட்சிகள் போதும்.

முதலாவது, அமெரிக்காவின் எம்ஐடி பல்கலைக்கழகத்து எட்வர்ட் அடெல்சன் 1995-இல் உருவாக்கிய சதுரங்கப் பலகை நிழல். நிழலுக்குள் இருக்கும் 'வெள்ளை'க் கட்டமும் வெளியே இருக்கும் 'கறுப்பு'க் கட்டமும் உண்மையில் ஒரே சாம்பல் நிறம். அட்டையில் இரண்டு துளை போட்டு மற்றதை மறைத்தால் தெரியும். மடிக்கணினித் திரையில் காட்டாதீர்கள். மலிவான திரைகளில் பார்க்கும் கோணம் மாறினால் வெளிச்சமும் மாறும், ஓரத்தில் உட்கார்ந்தவருக்கு இரண்டும் வேறாகவே தெரிந்து 'பொய்' என்பார். போட்டோஸ்டேட் எடுத்தால் இயந்திரத்தின் மைக் கோடுகள் கெடுக்கும். லேசர் பிரிண்டரில் அடித்து, கொடுக்கும் முன் இரண்டு கட்டத்தையும் கத்தரித்து ஒட்டவைத்துச் சரிபாருங்கள்.

இரண்டாவது, பிளாஸ்டிக் முகமூடி. உட்புறத்தைக் கூட்டத்துக்குக் காட்டி, ஒரு கண்ணை மூடி இரண்டு மீட்டர் தள்ளிப் பார்க்கச் சொல்லுங்கள். குழிந்த முகம் புடைத்த முகமாகத் தெரியும், முகமூடியை மெல்லத் திருப்பினால் எதிர்த்திசையில் திரும்புவதுபோல் இருக்கும். குழி என்று தெரிந்த பிறகும் தோற்றம் மாறாது. அறிந்ததும் காண்பதும் தனித்தனியே ஓட முடியும் என்பதற்கு இதைவிட நல்ல சான்று கிடைக்காது. முகமூடிக்குள் கண் இமை, மூக்குத் துளை எல்லாம் தெளிவாக இருக்கட்டும். வழுவழுப்பான முகமூடியில் பளபளப்பு குழியைக் காட்டிக்கொடுத்துவிடும்.

வாசிக்க, இணையத்தில் இலவசமாகக் கிடைக்கும் ஓப்பன்ஸ்டாக்ஸ் உளவியல் பாடநூலின் ஐந்தாம் அத்தியாயம் (புலனும் புலனுணர்வும்) அடித்தளம். அதன் மேல் ரிச்சர்ட் கிரெகரியின் 'கண்ணும் மூளையும்'. 1966-இல் வந்தது, ஐந்தாம் பதிப்பு 1997. பழையதாயிற்றே என்று தயங்க வேண்டாம், புலனுணர்வை ஊகமாக விளக்குவதில் அதைப்போல் எளிமையான நூல் குறைவு. நரம்புச் செல் பற்றிய பகுதிகளை மட்டும் பாடநூலோடு ஒப்பிட்டுக்கொள்ளுங்கள்.

கவனத்துக்கு வரும்போது, பந்து கொடுத்து வாங்குவோருக்கு நடுவே கொரில்லா வேடம் நடக்கும் காணொளியை (சைமன்ஸ், சாப்ரிஸ், 1999) பிள்ளைகளில் பலர் ஏற்கெனவே பார்த்திருப்பார்கள். பந்தை எண்ணுவதில் மூழ்கியவர் வேடத்தையே காணாமல் விடுவதுதான் அதன் வேடிக்கை, தெரிந்தவருக்கு அது வேலை செய்யாது. மாற்றக் குருட்டுத்தன்மையை, அதாவது கண்முன் நடக்கும் மாற்றத்தையே காணத் தவறுவதை, செய்துகாட்டுங்கள். மண்டபத்தின் ஒரு படத்தைப் பிடித்து, அதன் நகலில் பெரிய பொருள் ஒன்றை மட்டும் கணினியில் அழித்துவிடுங்கள். படம், வெற்றுச் சாம்பல் திரை, மாற்றிய படம், மறுபடி சாம்பல் திரை என்று சுழல விடுங்கள். ரென்சிங்கும் உடனாளர்களும் 1997-இல் படத்துக்கு 240 மில்லி விநாடியும் வெற்றுத்திரைக்கு 80 மில்லி விநாடியும் வைத்தார்கள். ஸ்லைடு மென்பொருளில் அந்தத் துல்லியம் வராது, ஜிஃப் கோப்பாகச் செய்வது நல்லது. வெற்றுத் திரையை எடுத்துவிட்டுக் காட்டினால் மாற்றம் உடனே கண்ணில் படும். ஏனென்றால் அசைவு கவனத்தை இழுத்துவிடும். வெற்றுத் திரை அந்த அசைவை மூழ்கடிக்கிறது. இரண்டு விதமாகவும் காட்டினால்தான் காரணம் புரியும். தனித்தனியாக இரண்டு புகைப்படம் எடுக்காதீர்கள். கேமரா ஒரு மயிரிழை நகர்ந்தாலும் எல்லாமே துள்ளும்.


ழகரம் எழுதியது:

நிழல்மானி அண்ணன் சொன்ன வரிசையோடு ஒத்துப்போகிறேன். மூன்று நான்கு மொழிகள் புழங்கும் ஊர் என்பதால் உங்கள் குழுவுக்குக் கிடைக்கும் ஒரு வசதியைச் சொல்கிறேன். ஒரே மொழி பேசும் கூட்டத்தில் செய்ய முடியாத சோதனைகளை நீங்கள் செய்யலாம்.

ஸ்ட்ரூப் சோதனை. நிறப் பெயரை வேறு நிற மையில் அச்சிட்டு, மையின் நிறத்தைச் சொல்லச் சொல்வது. ஜான் ரிட்லி ஸ்ட்ரூப் 1935-இல் வெளியிட்ட ஆய்வில் நூறு வண்ணச் சதுரங்களின் நிறத்தைச் சொல்லச் சராசரியாக 63 விநாடி ஆயிற்று, பொருந்தாத சொற்களுக்கு 110 விநாடி. வாசிப்பு தானாக ஓடுகிறது, நிறுத்த முயன்றாலும் நிற்பதில்லை.

தாள் தயாரிக்கும் முறை: சிவப்பு, பச்சை, நீலம், கறுப்பு என நான்கு சொல். மஞ்சளை எடுக்காதீர்கள், வெள்ளைத் தாளில் எழுத்து மங்கி வேகம் கெடும். ஒவ்வொரு சொல்லையும் தன் நிறம் தவிர்த்த மற்ற மூன்று மையில் அடித்தால் 12 சேர்க்கை. ஒவ்வொன்றும் மூன்று முறை வந்தால் 36 சொல், ஆறு வரிசை, வரிசைக்கு ஆறு. அடுத்தடுத்து ஒரே மை நிறம் வரக்கூடாது. ஒரு சொல் குறிக்கும் நிறம் அடுத்த சொல்லின் மை நிறமாக இருந்தாலும் அளவு பிசகும், அதையும் தவிருங்கள். ஒப்பீட்டுத் தாளில் அதே நான்கு நிறத்தில் 36 சதுரம், நிறத்துக்கு ஒன்பது. மூன்றாவது தாளில் மேரா, ஹிஜாவ், பிரு, ஹீத்தாம் ஆகிய மலாய்ச் சொற்கள், வழக்கம்போல் ரோமன் எழுத்தில், அதே அமைப்பில்.

எல்லாத் தாளுக்கும் பதிலைத் தமிழிலேயே சொல்லச் சொல்லுங்கள், பிறகு எல்லாவற்றுக்கும் மலாயில். பதில் சொல்லும் மொழியும் அச்சிட்ட மொழியும் ஒன்றாக இருக்கும்போது தடுமாற்றம் மிகுதி. வேறாக இருந்தால் குறையும், ஆனால் பொதுவாக முற்றாக மறையாது. எந்த மொழியை ஒருவர் சரளமாக வாசிக்கிறாரோ அந்த மொழியின் சொற்கள்தான் அவரை அதிகம் தடுக்கும். மலாயில் வேகமாகப் படிக்கும் பிள்ளையும், தமிழில் மட்டுமே நாளிதழ் படிக்கும் ஐயாவும் எதிரெதிரான முடிவு தந்தால் வியப்பில்லை. தமிழ் எழுத்தே அறியாத ஒருவர் தமிழ்த் தாளைச் சதுரத் தாள் போலவே ஓட்டிவிடுவார். இங்கே ஒரு கவனம்: தமிழ் வாசிப்பு மெதுவான பிள்ளையைக் கூட்டத்தில் வெளிச்சம் போட்டுக் காட்டும் சோதனையாக இது ஆகிவிடலாம். முடிவுகளைப் பெயரில்லாமல் எழுதுங்கள்.

சொதப்பும் இடங்கள்: எல்லாரும் சதுரத் தாளில் தொடங்கி ஒரே வரிசையில் செய்தால் பழக்கமும் களைப்பும் கலந்துவிடும். ஆளுக்கு ஆள் வரிசையை மாற்றுங்கள். தவறு செய்தால் திருத்திவிட்டுத்தான் அடுத்ததற்குப் போக வேண்டும், இல்லையென்றால் சிலர் தவறைப் பொருட்படுத்தாமல் ஓடி நல்ல நேரம் காட்டுவார்கள். ஒரு சொல்லைச் சிலர் கண்ணைச் சுருக்கி மங்கலாக்கிப் பார்த்துத் தப்பிப்பார்கள், முன்பே சொல்லித் தடுத்துவிடுங்கள். சிவப்பு பச்சை வேறுபாடு தெரியாதவர்கள், பெரும்பாலும் ஆண்கள், ஒன்றிரண்டு பேர் இருக்கலாம். முதலில் சதுரத் தாளை நேரம் வைக்காமல் ஒருமுறை படிக்கச் சொன்னால் தெரிந்துவிடும். கைத்தொலைபேசி நிறுத்துக்கடிகாரம் போதும். விரல் தாமதம் ஒரு விநாடியின் சில பத்தில் ஒரு பங்குதான், இங்கே வரும் வேறுபாடு பல விநாடி.

இலக்க நினைவு. நான்கு இலக்கத்தில் தொடங்கி ஒன்பது வரை, ஒவ்வொரு நீளத்துக்கும் இரண்டு பட்டியல். விநாடிக்கு ஓர் இலக்கம், குரல் ஏற்ற இறக்கம் இல்லாமல், திரையில் காட்டினால் இன்னும் நல்லது. இரண்டும் தவறினால் நிறுத்துங்கள். பட்டியலில் 1957 போன்ற ஆண்டோ 3108 (ஆகஸ்ட் 31) போன்ற நாளோ வந்துவிடக் கூடாது. நான்கு இலக்கம் ஒரே துண்டாகிவிடும், அளவு பொய்யாகும். ஜார்ஜ் மில்லர் 1956-இல் ஏழு, கூட்டியோ கழித்தோ இரண்டு என்று எழுதியதைத்தான் எல்லாரும் மேற்கோள் காட்டுகிறார்கள். துண்டாக்கவும் மனத்துக்குள் சொல்லிப் பார்க்கவும் வழியில்லாமல் செய்தால் எண்ணிக்கை நான்கை ஒட்டி நிற்கிறது என்று நெல்சன் கோவன் 2001-இல் தொகுத்துக் காட்டினார். பாடம் நடத்துகிறவர்கள் இரண்டையும் சேர்த்துச் சொல்ல வேண்டும்.

இதே பட்டியலை மொழி மாற்றிச் செய்யுங்கள். ஆங்கில இலக்கப் பெயர்களில் பல ஓரசை, சீன மொழியிலும் அப்படியே. பேச்சுத்தமிழில் ஒண்ணு, ரெண்டு, மூணு என்று ஈரசை, மலாயிலும் சாத்து, டூவா, தீகா என்று பெரும்பாலும் ஈரசை. பேட்லியும் உடனாளர்களும் 1975-இல் காட்டியபடி, ஏறக்குறைய இரண்டு விநாடிக்குள் சொல்லி முடிக்கக்கூடிய அளவுதான் மனத்துக்குள் சுழன்று நிற்கிறது. சொல் நீண்டால் எண்ணிக்கை குறையும். 'இரண்டு', 'மூன்று' என்று ஏட்டுத்தமிழில் செய்யாதீர்கள், யாரும் மனத்துக்குள் அப்படி எண்ணுவதில்லை. கணக்கை எந்த மொழியில் படித்தார்கள் என்பதையும் குறித்துக்கொள்ளுங்கள். மலேசியப் பள்ளிகளில் 2003 முதல் கணிதமும் அறிவியலும் ஆங்கிலத்துக்கு மாறி, 2010-களின் தொடக்கத்திலிருந்து படிப்படியாகத் திரும்பின. ஆகவே அக்காவும் தம்பியும் ஒரே வீட்டில் வெவ்வேறு மொழியில் எண்ணலாம். அசை நீளத்தின் விளைவா பழக்கத்தின் விளைவா என்று பிரிக்க ஒரு வழி உண்டு. இலக்கங்களைத் திரையில் பார்க்கும்போது 'டக் டக் டக்' என்று இடைவிடாமல் சொல்லிக்கொண்டே இருக்கச் செய்யுங்கள். உள்ளுக்குள் சொல்லிப் பார்ப்பது தடைபடும், மொழிகளுக்கு நடுவே இருந்த இடைவெளி சுருங்கினால் காரணம் அங்கே இருக்கிறது.

ஒலியுணர்வுக்குத் தமிழர்களுக்கு இயல்பான ஒரு பாடம் இருக்கிறது. பல்லில் நாக்கு படும் 'த', நாக்கை மடித்துச் சொல்லும் 'ட'. நமக்கு இவை இரண்டு ஒலி. ஆங்கிலம் மட்டும் பேசி வளர்ந்த பெரியவர்களுக்கு இந்த வேறுபாடு காதில் விழுவதே கடினம். இந்தியில் உள்ள இதே வகை வேறுபாட்டை வைத்து வெர்க்கரும் டீஸும் 1984-இல் செய்த ஆய்வில், ஆங்கிலச் சூழலில் வளரும் ஆறு முதல் எட்டு மாதக் குழந்தைகள் இதைப் பிரித்தறிந்தன. பத்து முதல் பன்னிரண்டு மாதத்தில் பெரும்பாலான குழந்தைகள் அந்தத் திறனை இழந்திருந்தன. காது அப்படியேதான் இருக்கிறது, கேட்பது மாறிவிட்டது. பிள்ளைகளோடு வீட்டில் தமிழில் பேசுங்கள் என்று நாம் கெஞ்சுவதற்கு இதில் ஒரு காரணம் இருக்கிறது.

கண்ணும் காதும் கலப்பதைக் காட்ட மெகர்க் விளைவு, 1976. ஒருவர் 'கா கா' என்று வாயசைக்கும் காணொளியில் 'பா பா' என்ற ஒலியைப் பொருத்துங்கள். பலருக்குத் 'தா' அல்லது 'டா' கேட்கும், கண்ணை மூடினால் உடனே 'பா'. 'பா'வின் உதடு வெடிப்பு வரும் கணத்தைக் 'கா'வின் வாய் திறப்போடு சரியாக ஒட்டவையுங்கள், முகம் திரை நிறைய இருக்கட்டும். எல்லாருக்கும் இது வேலை செய்யாது. ஆளுக்கு ஆள் பெரிய வேறுபாடு இருப்பது ஆய்வுகளிலும் தெரிந்ததே, கேட்காதவரைக் குறை சொல்லத் தேவையில்லை.


சிப்புட் வாசகி எழுதியது:

இருவருக்கும் மிக்க நன்றி. குருட்டுப்புள்ளித் தாளை இந்த வாரமே அடிக்கிறேன். ஒரு ஐயம்: எங்கள் குழுவில் ஓர் ஆசிரியர் உளவியலாளர் கானமனின் 'வேகமாகவும் மெதுவாகவும் சிந்தித்தல்' நூலிலிருந்து தொடங்கலாம் என்கிறார். இன்னொருவர் நோயாளிகளைப் பற்றிய நூல்கள்தான் பிள்ளைகளை இழுக்கும் என்கிறார். எது சரி?


பதிவேடு எழுதியது:

நோயாளிகள் முதலில், கானமன் பிறகு. காரணம் சொல்கிறேன் டீச்சர்.

அந்த நூல் 2011-இல் வந்தது. தீர்ப்பும் முடிவெடுத்தலும் பற்றி கானமனும் அவருடைய உடனாய்வாளர் ட்வெர்ஸ்கியும் செய்த பணிகள் விளக்கப்படும் அத்தியாயங்கள் இன்றும் உறுதியானவை. ஆனால் ஒரு சொல்லைக் காட்டினாலே நடத்தை மாறும் என்பது போன்ற முன்தூண்டல் ஆய்வுகளைப் பேசும் அத்தியாயம் அப்படி இல்லை. அவற்றுள் பல, மறுபடி செய்து பார்த்தபோது அதே முடிவைத் தரவில்லை. மிகக் குறைந்த ஆட்களை வைத்துச் செய்த ஆய்வுகளை அளவுக்கு மீறி நம்பிவிட்டேன் என்று கானமனே 2017-இல் வெளிப்படையாக எழுதினார். மனவலிமை தீர்ந்துபோகும் என்ற பகுதிக்கும் இதே எச்சரிக்கை. பழகாத வாசகர் எல்லாவற்றையும் ஒரே எடையில் எடுத்துக்கொள்வார். அதனால் அதை இரண்டாம் மாதக் கடைசியில் வைத்து, எது நின்றது எது விழுந்தது என்று பிரித்தே வாசியுங்கள். ஓர் ஆய்வை வாசிக்கும்போது நான்கு கேள்வி கேட்கப் பிள்ளைகளைப் பழக்கினால் போதும்: எத்தனை பேரை வைத்துச் செய்தார்கள், எதோடு ஒப்பிட்டார்கள், வேறு யாராவது செய்து அதே முடிவு வந்ததா, அளந்தது என்ன, சொல்வது என்ன.

நோயாளிகளில் எச்.எம். என்று அறியப்பட்ட ஹென்றி மொலேசன். கடும் வலிப்புக்காக 1953-இல் அவருடைய மூளையின் இரு பக்கமும் ஹிப்போகாம்பஸ் எனும் உட்பகுதியின் பெரும்பாலும் அதைச் சூழ்ந்த பகுதிகளும் அகற்றப்பட்டன. அதன்பின் நடந்தவை எதுவும் நினைவில் தங்கவில்லை. ஆனால் உளவியலாளர் பிரெண்டா மில்னர் கண்ணாடியைப் பார்த்து நட்சத்திரம் வரையும் வேலையைக் கொடுத்தபோது, மூன்று நாளில் கை தேறிக்கொண்டே வந்தது. முன்பு செய்ததாக மட்டும் அவருக்கு நினைவே இல்லை. நினைவு ஒரே பொருள் இல்லை என்பதற்கு இது வலுவான சான்றாயிற்று. அவர் 2008-இல் இறந்த பிறகுதான் பெயர் வெளியிடப்பட்டது.

இதை உங்கள் மண்டபத்திலேயே செய்யலாம். நட்சத்திரத்தை ஐந்து மில்லிமீட்டர் இடைவெளி விட்டு இரட்டைக் கோட்டில் வரைந்து, பத்துப் பிரதி எடுங்கள். தாளுக்கு எதிரே கண்ணாடியை நிமிர்த்தி வைத்து, கையை நேரே பார்க்க முடியாதபடி அட்டையால் மறையுங்கள். கோடுகளுக்கு நடுவே பென்சிலை எடுக்காமல் ஒரு சுற்று. எடுத்த நேரத்தையும் கோட்டைத் தாண்டிய எண்ணிக்கையையும் குறியுங்கள். முதல் சுற்றில் மூலைகளில் கை அப்படியே நின்றுவிடும், பத்தாவதில் நன்றாகக் குறையும். சிலர் கண்ணாடியைப் பாராமல் மனக்கணக்கில் வரைவார்கள், ஒவ்வொரு சுற்றிலும் தாளைச் சிறிது திருப்பிவைத்தால் அது நடக்காது. அட்டை தாழ்ந்திருந்தால் மேலிருந்து கை தெரியும், அதனால் வரைபவரின் தாடைக்குக் கீழே வரும்படி வையுங்கள்.

இன்னொருவர் டி.எஃப். என்ற பெண். 1988-இல் கார்பன் மோனாக்சைடு நச்சால் மூளை பாதிக்கப்பட்டது. தபால் பெட்டியில் இருப்பது போன்ற ஒரு பிளவு சாய்ந்திருக்கிறதா நிமிர்ந்திருக்கிறதா என்று அவரால் சொல்ல முடியவில்லை, ஆனால் கையில் அட்டையைக் கொடுத்து அதில் போடச் சொன்னால் சரியாகத் திருப்பிப் போட்டார். ஆய்வாளர்கள் குட்டேலும் டேவிட் மில்னரும் இதிலிருந்து, எது என்று அறியும் பார்வையும் கையை வழிநடத்தும் பார்வையும் இரண்டு பாதையில் செல்கின்றன என்று வாதிட்டார்கள். பாதைகள் எவ்வளவு தனித்தவை என்பதில் விவாதம் இன்னும் நடக்கிறது, அதையும் சேர்த்தே சொல்லுங்கள்.

இந்தப் பகுதிக்கு நரம்பியல் மருத்துவர் ஆலிவர் சாக்ஸின் நூல்கள் எளிது, ஆனால் அவை தனி ஆட்களின் வரலாறு. அளவும் ஒப்பீடும் குறைவு. விளையனூர் ராமச்சந்திரன் 1998-இல் எழுதிய மூளை மாயங்கள் பற்றிய நூல் உங்கள் பிள்ளைகளுக்குப் பிடிக்கும். தமிழ்நாட்டில் பிறந்து சென்னை ஸ்டான்லி மருத்துவக் கல்லூரியில் படித்தவர். துண்டிக்கப்பட்ட கை இன்னும் வலிக்கிறது என்பவர்களுக்கு ஒரு கண்ணாடிப் பெட்டியைக் கொண்டு அவர் செய்ததை வாசியுங்கள். சிகிச்சையாக அதன் பலன் ஆளுக்கு ஆள் வேறுபடுகிறது. உடலின் படம் மூளையில் எவ்வளவு எளிதில் திருத்தப்படுகிறது என்பதற்கு அது நல்ல வாயில்.


நிழல்மானி எழுதியது:

நடுமூளை வகுப்பு பற்றி யாரும் தொடவில்லையே. பெற்றோர் கேட்பது நியாயமான கேள்வி, நல்ல பதில் அவர்களுக்குக் கிடைக்க வேண்டும்.

நடுமூளை என்பது மூளைத்தண்டின் மேற்பகுதி, நீளம் இரண்டு செ.மீ. அளவு. கண்ணைத் திருப்புவது, வெளிச்சத்தில் கண்மணியைச் சுருக்குவது, காதிலிருந்து வரும் செய்தியை மேலே அனுப்புவது ஆகியவை அங்கே நடக்கின்றன. பார்க்கின்சன் நோயில் அழியும் டோபமின் செல்களும் அங்கேதான். விழித்திருக்கும் எந்தப் பிள்ளைக்கும் அது வேலை செய்துகொண்டே இருக்கிறது. தூண்டுவதற்குத் தூங்கிக்கொண்டிருக்கும் ஒன்று அங்கே இல்லை.

கண்கட்டில் என்ன நடக்கிறது என்றால், மூக்கின் இருபுறமும் துணிக்கும் கன்னத்துக்கும் நடுவே இடைவெளி விழுகிறது. அதன் வழியே கீழ்நோக்கிப் பார்க்கலாம். பிள்ளை அட்டையை மார்புக்குக் கீழே பிடித்துக்கொண்டு தலையைச் சற்றே நிமிர்த்தினால் போதும். சரிபார்க்க ஓர் அகன்ற அட்டையைத் தாடைக்குக் கீழே கிடையாகப் பிடியுங்கள். அல்லது நீச்சல் கண்ணாடியின் உள்ளே அலுமினியத் தாளும் கறுப்பு டேப்பும் ஒட்டி அணிவியுங்கள். படிக்க வேண்டியதை நெற்றிக்கு நேரே மூடிய பெட்டிக்குள் வையுங்கள். நான்கு நிற அட்டை, குலுக்கிப் பத்து முறை, எடுப்பவருக்கும் நிறம் தெரியக் கூடாது. இல்லையென்றால் குரலோ முகமோ காட்டிக்கொடுக்கும். குருட்டாம்போக்கில் சொன்னாலே சராசரியாக இரண்டு மூன்று சரியாக வரும். பத்தும் சரியாக வர வாய்ப்பு பத்து லட்சத்தில் ஒன்றுக்கும் குறைவு. எத்தனை சரியானால் ஒப்புக்கொள்வது என்பதைத் தொடங்கும் முன்பே தாளில் எழுதிவிடுங்கள்.

ஒரு வேண்டுகோள். பிள்ளையைப் பொய்யன் என்று யாரும் சொல்லிவிடக் கூடாது. பெரியவர்கள் எதிர்பார்ப்பதைத் தரப் பிள்ளை வழி கண்டுபிடிக்கிறது, எட்டிப் பார்ப்பதாகவே உணராமலும் இருக்கலாம். சோதனையைக் கூட்டத்தில் வைக்காதீர்கள், வீட்டில் பெற்றோரே விளையாட்டாகச் செய்து பார்க்கட்டும். மூளையில் பத்து விழுக்காட்டைத்தான் பயன்படுத்துகிறோம், வலமூளைப் பிள்ளை இடமூளைப் பிள்ளை என்பவையும் இதே சந்தையில் விற்பவைதான். உடல் எடையில் இரண்டு விழுக்காடு உள்ள மூளை, உடல் செலவிடும் ஆற்றலில் ஐந்தில் ஒரு பங்கை எடுத்துக்கொள்கிறது. தொண்ணூறு விழுக்காட்டைச் சும்மா வைத்திருக்க எந்த உடலும் அவ்வளவு செலவு செய்யாது.


பதிவேடு எழுதியது:

மூன்றாம் மாதத்துக்கு ஒரு குறிப்பு, அந்தக் கிராணி ஐயாக்களை மனத்தில் வைத்து. தொல்காப்பிய மரபியல் ஐம்புலனுக்குப் பின் மனத்தை ஆறாவது அறிவாக வைப்பதை அவர்கள் கட்டாயம் எடுப்பார்கள். எடுக்கட்டும். அது உயிர்களை வகைப்படுத்தும் வரிசை. நீங்கள் இரண்டு மாதம் செய்து பார்த்தவையோ, முதல் ஐந்துக்குள்ளேயே மனத்தின் வேலை கலந்திருக்கிறது என்று காட்டுகின்றன. இரண்டையும் ஒன்றாக்கவும் வேண்டாம், ஒன்றால் மற்றதை அடிக்கவும் வேண்டாம்.

அங்கிருந்து மொலினியூ கேள்விக்குப் போகலாம். பிறவியிலேயே பார்வையற்று, தொட்டு உருண்டையையும் கனசதுரத்தையும் அறிந்த ஒருவருக்குப் பார்வை கிடைத்தால், தொடாமல் பார்த்தே எது எது என்று சொல்வாரா? மொலினியூ 1688-இல் மெய்யியலாளர் ஜான் லாக்குக்கு எழுதிக் கேட்ட கேள்வி. பவன் சின்ஹாவின் பிரகாஷ் திட்டம் இந்தியாவில் பிள்ளைகளுக்குக் கண் அறுவை செய்து பார்வை தந்தது. 2011-இல் வெளியான அவர்களுடைய ஆய்வில் சிகிச்சை பெற்ற ஐந்து பேரும், தொட்டதைப் பார்வையால் பொருத்துவதில் முதலில் குருட்டாம்போக்கைவிடச் சற்றே தேறினார்கள், அவ்வளவுதான். மறுபடி சோதிக்கப்பட்டவர்கள் சில நாள்களிலேயே நன்றாகச் செய்தார்கள். விடையைச் சொல்லும் முன் குழுவில் கை தூக்கச் செய்து, காரணத்தையும் எழுதி வாங்குங்கள்.

நனவு பற்றிய வாசிப்பை இதற்குப் பின் வையுங்கள். வௌவாலாக இருப்பது எப்படியிருக்கும் என்று தாமஸ் நாகெல் 1974-இல் எழுதிய கட்டுரை, மூளையின் செயலிலிருந்து உள்ளனுபவம் எப்படி வருகிறது என்பதற்குச் சாமர்ஸ் 1995-இல் கடினக் கேள்வி என்று பெயரிட்ட கட்டுரை, இரண்டும் போதும். ஸ்டான்ஃபோர்டு மெய்யியல் கலைக்களஞ்சியம் இணையத்தில் இலவசம், ஆனால் அதன் கட்டுரைகள் கனமானவை. ஒரு கூட்டத்துக்கு ஒரு பிரிவுக்கு மேல் எடுக்காதீர்கள்.

படிவம் ஆறு முடித்து இதையே படிக்க விரும்பும் பிள்ளை இருந்தால், சரவாக்கின் யூனிமாஸ் பல்கலைக்கழகத்தில் அறிதல் அறிவியலுக்கும் மனித மேம்பாட்டுக்கும் தனிப் புலம் இருக்கிறது. நுழைவுத் தகுதியை அந்தந்த ஆண்டு அறிவிப்பில் பாருங்கள், புள்ளியியலைப் பிடித்துக்கொள்ளச் சொல்லுங்கள். உங்கள் ஸ்ட்ரூப் தாள்களின் நேரங்களைச் சராசரி எடுப்பதிலிருந்தே அந்தப் பிள்ளையைக் கணக்குப் பொறுப்பில் உட்கார வைக்கலாம். ஒவ்வொருவருக்கும் இரண்டு தாளின் வேறுபாட்டை முதலில் கழித்துவிட்டு, பிறகு அந்த வேறுபாடுகளின் சராசரியை எடுக்க வேண்டும். இருபது பேரின் நேரத்தையும் தாள்வாரியாகக் கொட்டிச் சராசரி எடுத்தாலும் அதே சராசரி வேறுபாடுதான் வரும், ஆனால் வேகமாகப் பேசுபவர், மெதுவாகப் பேசுபவர் என்ற சிதறலே பெரிதாகத் தெரிந்து, தேடிய விளைவு ஆளுக்கு ஆள் எவ்வளவு சீராக வருகிறது என்பது அதற்குள் மறைந்துவிடும்.